அமெரிக்க தேசபக்திப் பாட்டுக்கு மெட்டு தந்தது யார்? வெளிநாட்டிலிருந்து வந்தவர்தான்!

அமெரிக்கத் துணை அதிபர் அரசு விழாவுக்குள் நுழையும்போது பேண்ட் குழு வாசிக்கிற பாட்டு 'ஹெய்ல் கொலம்பியா'. 1931-ல் இப்போதைய தேசிய கீதம் சட்டப்படி அறிவிக்கப்படும்வரை, அந்த இடத்தில் அதிகம் ஒலித்த பாட்டுகளில் இதுவும் ஒன்று. ஆனா, இதன் மெட்டுக்குச் சொந்தக்காரர் ஒரு ஜெர்மானியக் குடியேறி!

யார் அவர்?

பெயர் பிலிப் ஃபைல். பிலடெல்பியா, நியூயார்க் நாடக அரங்குகளில் வயலின் வாசித்து, இசைக்குழுவை நடத்தியவர். 1789-ல் ஜார்ஜ் வாஷிங்டன் அதிபரானதை ஒட்டி 'பிரசிடென்ட்ஸ் மார்ச்' மெட்டை அவர் அமைத்தார் என்பதே பொதுவான கருத்து. 1793-ல் இறந்துவிட்டார்.

மெட்டு பாட்டானது எப்படி?

1798-ல் பிரான்ஸுடன் போர் மூளும் சூழல். கில்பர்ட் ஃபாக்ஸ் என்ற நாடக நடிகருக்கோ, தன் நிகழ்ச்சிக்குக் கூட்டம் சேருமா என்ற கவலை. வக்கீல் நண்பர் ஜோசப் ஹாப்கின்சனிடம் போய், ஏற்கெனவே பிரபலமாக இருந்த அந்த மெட்டுக்கு வரிகள் கேட்டார். ஏப்ரல் 25-ல் பிலடெல்பியா மேடையில் பாடினார். செம ஹிட்!

அதே ஆண்டு நடந்தது என்ன?

அடுத்த இரண்டே மாதத்தில், குடியுரிமை பெற 5 ஆண்டு வசித்தால் போதும் என்றிருந்த விதியை நாடாளுமன்றம் 14 ஆண்டாக்கியது. ஃபைல் அப்போது வந்து இறங்கியிருந்தால், அந்தச் சட்டப்படி 1812 வரை காத்திருக்கணும். எதிரி நாட்டவரைப் பிடித்து வெளியேற்ற அதிபருக்கு அதிகாரம் தரும் சட்டமும் ஜூலையில் வந்தது.

போர் பயத்தில் போட்ட சட்டம்தானே என்று கேட்கலாம். பயம் நிஜம்தான். ஆனா, பயம் போனபிறகும் சட்டம் போகவில்லை. 14 ஆண்டு விதி 1802-ல் மறுபடி 5 ஆனது. எதிரி நாட்டவர் சட்டமோ இன்றும் அமலில் இருக்கிறது. 2025-ல் வெனிசுவேலா நாட்டவரை நாடு கடத்த டிரம்ப் அரசு கையில் எடுத்தது அதைத்தான்.

இப்போதைய தேசிய கீதத்தின் மெட்டும் ஜான் ஸ்டாஃபோர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேயருடையது. 'காட் பிளெஸ் அமெரிக்கா' எழுதிய இர்விங் பெர்லின், ரஷ்யப் பேரரசிலிருந்து 5 வயதில் வந்த யூதச் சிறுவன்.

வெளியிலிருந்து வந்தவர்களால் தேசத்துக்கு ஆபத்து என்று மேடையில் பேசலாம். ஆனா, அந்த மேடைக்குத் தலைவர்களை வரவேற்க வாசிக்கிற பாட்டே அப்படி வந்த ஒருவர் கொடுத்தது. இதையும் சேர்த்துச் சொல்வதுதான் நேர்மை.