உடுத்துவிப்போருக்கு உறக்கம் வேண்டாமா?

டெலிவிஷன் நாடகங்களைக் கண்டு களிக்கும் ஜனங்கள் நடிகரின் முகத்தைப் பார்க்கிறார்கள். அவர் தரித்திருக்கும் சட்டையைப் பற்றி நினைப்பதில்லை. அவ்வாறு நினைக்காதிருப்பதே உடைப் பகுதியாரின் வெற்றி. ஆயினும் அவ்வெற்றியே அவர்களுக்குக் கேடாகவும் முடிகிறது. கண்ணுக்குப் புலப்படாத உழைப்புக்கு நியாயம் வழங்க முதலாளிகள் விரைந்து முன்வருவதில்லையன்றோ?

ஹாலிவுட்டில் இத்தொழில் நடைபெறும் முறையைச் சிறிது கவனிப்போம். காலையில் கதையின் முடிவும் மாலையில் அதன் தொடக்கமும் படமாக்கப்படலாம். எக்காட்சியில் எப்பொத்தான் திறந்திருந்தது, இரத்தக்கறை எவ்வளவு பரவியிருந்தது என்பவற்றையெல்லாம் குறித்துவைப்பது இவர்களுடைய கடமை. நடிகருக்குப் பதிலாக உயரத்திலிருந்து குதிப்பவருக்கும் சேர்த்து, ஒரே சட்டைக்குப் பல பிரதிகள் வேண்டும். புதுத் துணியைத் தேய்த்தும் சாயமேற்றியும் பழந்துணியாக்க வேண்டும். 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' தொடரில் பனிநாட்டுக் காவலர் போர்த்த மேலங்கிகளுக்கு, கடையில் விற்கும் தரைவிரிப்புகளும் பயன்பட்டன என்று அதன் உடையமைப்பாளர் மிஷெல் கிளாப்டன் 2016-ல் தெரிவித்தார். இதனை வெறும் ஊசி வேலையென்று இகழ்வது அறியாமையேயாகும்.

நடிகர் வருமுன் இவர்கள் வந்தாக வேண்டும். அவர் சென்றபின் உடைகளைச் சேகரித்து, சலவைக்குப் பிரித்து, மறுநாளைக்கு ஆயத்தம் செய்துவிட்டே வீடு திரும்ப வேண்டும். நாளொன்றுக்குப் பன்னிரண்டு மணிக்கு மேற்பட்ட வேலை அங்கே அபூர்வமன்று.

இந்நிலையில்தான் 2021 அக்டோபரில், உடைப் பகுதியாரும் உள்ளிட்ட சுமார் 60,000 சினிமா, டெலிவிஷன் தொழிலாளிகளுக்காக ஐயாட்ஸி என்னும் சங்கம் வேலைநிறுத்தத்திற்கு அனுமதி கோரியது. வாக்களித்தோரில் 98 சதவீதத்திற்கு மேற்பட்டோர் இசைந்தனர். 18-ந் தேதி வேலைநிறுத்தமென்று குறிக்கப்பட்டது. 16-ந் தேதியே முதலாளிகள் உடன்பாட்டிற்கு வந்தனர். வேலை முடிந்து மீண்டும் தொடங்குவதற்கிடையே 10 மணி நேர ஓய்வும், வார இறுதியில் 54 மணி நேர ஓய்வும் ஒப்புக்கொள்ளப்பட்டன.

பத்து மணி நேரம் போதுமா என்று கேட்கிறோம். வீட்டுக்குப் போகவும் வரவும், குளிக்கவும், உண்ணவும் கழிந்தது போக உறக்கத்திற்கு எஞ்சுவது எவ்வளவு? மனைவி மக்களுடன் பேசுவதற்கு எஞ்சுவது எவ்வளவு? தொழிலாளிகளே இதனை உணர்ந்தனர். நவம்பரில் எண்ணப்பட்ட தனி வாக்குகளில் ஹாலிவுட்டுக்குரிய அடிப்படை ஒப்பந்தத்தை எதிர்த்தவையே சற்று அதிகம். பிரதிநிதிகளின் வாக்கைக் கணக்கிடும் முறையாலேயே அது நிறைவேறிற்று.

'கலையார்வம் உடையோர் மணி பார்க்கலாகாது' என்பார் சிலர். அவ்வார்வத்தைக் கூலியில் கழித்துக்கொள்ளும் தந்திரத்தை நாம் அறிவோம். சங்கங்களை நடத்தும் நம்மவர்க்கு இதில் இரு பாடங்கள் உள. ஒன்றுபட்ட உறுதி, வேலைநிறுத்தம் செய்யாமலே வெல்லும். ஆனால் வென்றபின் தலைவர்கள் அங்கத்தினரின் குரலுக்குச் செவிசாய்க்கத் தவறுவாராயின், அவ்வெற்றி அரை வெற்றியே. ஓய்வு முதலாளி இடும் பிச்சையன்று, உழைப்போரின் உரிமை!