கடைசி கோல் போட்ட தமிழர்

மாலை ஐந்து மணிக்கு மேல் நோணாங்குப்பம் தெருவில் நடப்பவர்கள் கவனமாக நடக்க வேண்டும். எந்தப் பக்கமிருந்து பந்து வரும் என்று சொல்ல முடியாது!

கடலூர் சாலையில் வெளியூர்க்காரர்கள் வண்டி வண்டியாக வருவார்கள். சுண்ணாம்பாற்றில் படகு ஏறப் போவார்கள். எங்கள் ஊர்ப் பையன்கள் அவர்களைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார்கள். தென்னை மரத்தடியில் இரண்டு கல்லை வைப்பார்கள். அதுதான் கோல். இருட்டுகிற வரை ஆட்டம்தான்.

போன வாரம் அந்தப் பையன்களில் ஒருவனுடைய தகப்பனார் என் வீட்டுக்கு வந்தார். படகில் வேலை பார்ப்பவர். மகன் பத்தாம் வகுப்பு படிக்கிறான்.

"ஐயா, நீங்கள் சொன்னால் அவன் கேட்பான். பந்து ஆடியது போதும் என்று சொல்லுங்கள். பந்து சோறு போடுமா?" என்றார்.

நியாயமான கேள்வி. நான் உடனே பதில் சொல்லவில்லை. பையனைக் கூப்பிட்டேன். வந்தான். அவன் சட்டையின் முதுகில் "இனியெஸ்டா" என்று எழுதியிருந்தது. கீழே எட்டாம் நம்பர்.

"இவர் யார் தம்பி?" என்று கேட்டேன்.

கடகடவென்று ஒப்பித்தான். பள்ளிப் பாடத்தை அப்படி ஒப்பித்தால் அவன் அப்பா என்னிடம் வந்திருக்கவே மாட்டார்!

ஸ்பெயின் தேசத்துச் சிற்றூரில் பிறந்தவர் ஆந்த்ரேஸ் இனியெஸ்டா. 12 வயதில் தாய் தகப்பனை விட்டு, பார்சிலோனாவில் பந்து பழகும் விடுதிக்குப் போனார். வீட்டை நினைத்து அழுதார். ஆனால் திரும்பி ஓடவில்லை. 2010-ம் ஆண்டு உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தில் 116-வது நிமிடத்தில் ஒரு கோல் போட்டார். கோப்பை ஸ்பெயினுக்குக் கிடைத்தது. 2024 அக்டோபரில், 40 வயதில், ஆட்டத்திலிருந்து ஓய்வு பெற்றார்.

எல்லாம் சரியாகச் சொன்னான். கெட்டிக்காரன்தான்.

"சைமன் சுந்தர்ராஜ் யார், தெரியுமா?" என்று கேட்டேன்.

பையன் விழித்தான். அவன் அப்பாவும் விழித்தார்.

அவர்கள் மேல் குற்றம் இல்லை. யாராவது சொன்னால்தானே தெரியும்?

ரோமாபுரியில் தமிழன்

சைமன் சுந்தர்ராஜ் தமிழர். 1960-ல் ரோம் நகரில் நடந்த ஒலிம்பிக் பந்தயத்துக்குப் போன இந்தியக் கால்பந்துக் கோஷ்டியில் அவரும் ஒருவர். கோஷ்டியின் தலைவர் பி.கே. பானர்ஜி. பழக்கியவர் ஐதராபாத்துக்காரரான ரகீம்.

அந்தப் பந்தயத்தில் இந்தியா மூன்று ஆட்டம் ஆடியது. முதல் ஆட்டம் அங்கேரியுடன். அந்தக் காலத்தில் அங்கேரி என்றால் உலகமே நடுங்கும். இந்தியா ஒரு கோல் போட்டது, இரண்டு வாங்கியது. கேவலமான தோல்வி அல்ல!

அடுத்த ஆட்டம் பிரான்சுடன்.

புதுச்சேரி வாசகர்கள் இந்த இடத்தில் சற்று நிற்க வேண்டும். பிரெஞ்சு ஆட்சி இங்கிருந்து 1954 நவம்பர் 1-ந் தேதி போய்விட்டது. ஆனால் சட்டப்படி புதுச்சேரி இந்தியாவோடு சேர்ந்தது 1962 ஆகஸ்டு 16-ந் தேதிதான். ஆக, 1960-ல் இந்தியாவும் பிரான்சும் மைதானத்தில் மோதியபோது, காகிதக் கணக்கில் நாம் இன்னும் பிரான்சின் பக்கம்! சொல்தா வீட்டுப் பெரியவர்கள் அன்று யார் ஜெயிக்க வேண்டும் என்று வேண்டிக் கொண்டார்களோ! நல்ல வேளையாக ஆட்டம் சமமாக முடிந்தது. ஆளுக்கு ஒரு கோல். யாருக்கும் மனவருத்தம் இல்லை.

மூன்றாவது ஆட்டம் பெரு நாட்டுடன். பெரு மூன்று கோல் போட்டுவிட்டது. ஆட்டம் முடிய இரண்டே நிமிடம் இருந்தது. ஜெயிக்க வழியே இல்லை. மற்றவர்களாக இருந்தால் "போதும், மூட்டையைக் கட்டுவோம்" என்று நினைத்திருப்பார்கள்.

அந்த நேரத்தில் சைமன் சுந்தர்ராஜ் ஒரு கோல் போட்டார்.

ஒலிம்பிக் கால்பந்தில் இந்தியா போட்ட கடைசி கோல் அதுதான். அதன் பிறகு இந்தியக் கோஷ்டிக்கு ஒலிம்பிக் மைதானத்தில் காலடி வைக்கும் தகுதியே கிடைக்கவில்லை. அறுபது வருடங்களுக்கு மேல் ஓடிவிட்டன!

முதல் கோல் கதையையும் சொல்லிவிடுகிறேன். 1948-ல் லண்டன் ஒலிம்பிக்கில், அதே பிரான்சுக்கு எதிராக, மைசூர்க்காரரான சாரங்கபாணி ராமன் அதைப் போட்டார். நம் ஆட்களில் பலர் வெறுங்காலோடு ஆடினார்கள். இரண்டு பெனால்டியை வீணாக்கிவிட்டு, கடைசி நேரத்தில் ஒரு கோல் வாங்கித் தோற்றார்கள். எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை.

ஆட்டம் நின்ற பிறகு

பந்து ஆடுகிறவனுக்கு 35 வயதில் கால் ஓய்ந்துவிடும். 40 வரை ஆடுவது இனியெஸ்டா போல லட்சத்தில் ஒருவர். பிறகு என்ன செய்வது?

சைமன் சுந்தர்ராஜ் பழக்குபவர் ஆனார். கேரளக் கோஷ்டி அவரிடம் வந்தது. அதுவரை கேரளம் சந்தோஷ் கோப்பையை ஒரு தடவைகூட ஜெயித்ததில்லை. 1973-ல் எர்ணாகுளத்தில் நடந்த இறுதி ஆட்டத்தில் ரெயில்வேயை மூன்றுக்கு இரண்டு என்று தோற்கடித்தது. மூன்று கோலும் போட்டவர் தலைவர் மணி. அந்த ஆட்டக்காரர்களைத் தயார் செய்தவர் நம் தமிழர்!

கேரளத்தில் பழைய ஆட்களைக் கேளுங்கள், அந்த 1973-ஐ நேற்று நடந்தது போலச் சொல்வார்கள். நம்மிடம்தான் அந்தப் பழக்கம் இல்லை.

2014-ல் ஸ்பெயினிலிருந்து லூயிஸ் கார்சியா, கேப்டெவிலா போன்றவர்கள் ஆட்ட வயது முடிகிற சமயத்தில் இந்தியாவுக்கு வந்து ஆடினார்கள். மாலை மரியாதை எல்லாம் நடந்தது. நடக்கட்டும், பெரிய ஆட்டக்காரர்கள்தான். ஆனால் வெளியூர் மாப்பிள்ளைக்கு இலை போடும்போது, வீட்டுப் பிள்ளையைத் திண்ணையில் உட்கார வைக்கலாமா?

பள்ளிக்கூட விளையாட்டு விழாவில் சைமன் சுந்தர்ராஜ் பெயரைச் சொல்ல எவ்வளவு செலவு ஆகும்? ஒரு காசும் ஆகாது. பரிசுக் கோப்பைக்கு அவர் பெயரை வைக்கலாம். மைதானச் சுவரில் எழுதலாம்.

அப்பாவுக்கு என் பதில்

பந்து சோறு போடுமா? சிலருக்குப் போடும். ரெயில்வேயிலும், போலீசிலும், இன்னும் பல சர்க்கார் இலாகாக்களிலும் நல்ல ஆட்டக்காரர்களுக்கு என்று வேலை ஒதுக்குகிறார்கள். மாநிலத்துக்காகத் தேசியப் பந்தயத்தில் ஆடியவனுக்கு அதில் வழி உண்டு. ஆனால் வேலைக்கும் படிப்புச் சான்று கேட்பார்கள். நூறு பையன்கள் ஆடினால் ஒருவன் அந்த வாசல் வரை போவதே அபூர்வம். இதை மறைத்துப் பையனுக்கு ஆசை காட்டுவது பாவம்.

அதற்காகப் பந்தைப் பிடுங்கி ஒளித்து வைப்பதும் சரியல்ல. இருட்டும் வரை ஓடி ஆடுகிறவன் வேறு கெட்ட சகவாசத்துக்கு எப்போது போவான்? களைத்து வந்து சாப்பிட்டுத் தூங்குவான். தகப்பனாருக்கு அதில் லாபம்தான்.

இதையெல்லாம் அவரிடம் சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் யோசித்தார்.

"அப்படியானால் வாரத்தில் எத்தனை நாள் விடலாம், ஐயா?"

"பரீட்சை முடிகிற வரை இரண்டு நாள். அப்புறம் அவன் இஷ்டம்."

"மூன்று நாள்!" என்றான் பையன், கதவுக்குப் பின்னாலிருந்து.


மூன்று நாள் என்று முடிவாயிற்று.