சாமி மலையேறிய பிறகு

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்குப் புறப்படுகிறவர்கள், மலையடிவாரத்தை எட்டுவதற்கு முன்பே, சாலையோரத்தில் தன்னந்தனியாக நிற்கும் ஒரு நுழைவாயில் வளைவைக் கடந்துதான் போக வேண்டும். டி.ஆர். சுந்தரம் நிறுவி, 1937-இல் 'சதி அகல்யா' என்ற படத்தோடு தொழிலைத் தொடங்கி, நூற்றுக்கும் மேற்பட்ட படங்களைத் தயாரித்த மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டூடியோவில் இன்று மிஞ்சியிருப்பது அந்த வளைவுதான். தமிழின் முதல் முழுநீள வண்ணப் படமான 'அலிபாபாவும் 40 திருடர்களும்' 1956-இல் இந்த ஸ்டூடியோவிலிருந்துதான் வெளிவந்தது. அதைத் தாண்டி, இருபது கொண்டை ஊசி வளைவுகளையும் ஏறி, ஊரையும் ஏரியையும் காப்பித் தோட்டங்களையும் கடந்து சென்றால், மலையுச்சியின் சமவெளியில், குனிந்து நுழைய வேண்டிய ஒரு குகைக்குள், மலைவாழ் மக்களின் தெய்வமான சேர்வராயன் காவேரியம்மனோடு எழுந்தருளியிருக்கிறார். அடிவாரத்தில் சினிமா, உச்சியில் சாமி என்ற இந்த அமைப்பைப் பார்க்கும்போதெல்லாம், மனித மனம் தன் வழக்கமான நிலையைவிட்டு வேறொரு நிலைக்குப் போய்வருவதை நம் திரைப்படங்கள் எப்படிக் காட்டியிருக்கின்றன என்ற கேள்வி என்னுள் எழாமல் இருந்ததில்லை.

என் சிறுபிராயத்தில், அடிவாரத்துக் கிராமமொன்றில், ஆடி மாதத்து மாரியம்மன் திருவிழாவில் முதன்முதலாகச் சாமியாட்டம் பார்த்தேன். ஆண்டு முழுவதும் தறியில் உட்கார்ந்து யாரோடும் அதிகம் பேசாத ஒரு நெசவாளிதான் அந்தக் கோயிலுக்குப் பூசாரி. பல நாள் விரதமிருந்து, மஞ்சள் ஆடை உடுத்தி, பம்பையும் உடுக்கையும் முழங்க அவர் நின்றிருந்தபோது, முதலில் தோள்களும் பிறகு உடம்பு முழுவதும் நடுங்கத் தொடங்கி, அவருடைய குரலே அல்லாத ஒரு குரலில் அவர் ஊராரை அதட்டியதும், என் கை பாட்டியின் சேலையைப் பற்றிக்கொண்டதும் இன்னும் நினைவில் இருக்கின்றன. ஆயினும் அதைவிட ஆழமாகப் பதிந்தது அதற்குப் பின் நடந்ததுதான். இரண்டு பெரியவர்கள் அவரை இடுப்போடு சேர்த்துப் பிடித்திருந்தார்கள். கேட்க வேண்டியவற்றைக் கேட்டு முடித்ததும் ஒருவர் கற்பூரம் ஏற்றினார். நெற்றியில் திருநீறு இடப்பட்டது. மேளம் மெல்ல அடங்கியது. "சாமி மலையேறிடுச்சு" என்று யாரோ சொன்னார்கள். "எந்த மலைக்குப் பாட்டி?" என்று கேட்டேன். "நம்ம சேர்வராயன் மலைக்குத்தான் கண்ணு, வேறே எங்கே போவும்" என்றாள் அவள். பூசாரியைத் திண்ணையில் சாய்த்து உட்கார வைத்தார்கள். அவர் தண்ணீர் கேட்டார். ஒரு சொம்புத் தண்ணீரையும் குடித்துவிட்டு, அருகிலிருந்தவரிடம் தாழ்ந்த குரலில் ஏதோ விசாரித்தார். மறுநாள் காலையில் தறிச் சத்தம் வழக்கம்போல் கேட்டது.

சந்நதம் என்று நம் மக்கள் சொல்லும் அந்த நிலைக்கு ஒரு முகூர்த்தம் உண்டு, முன்னேற்பாடு உண்டு, விழாமல் தாங்கிப் பிடிக்கும் கைகள் உண்டு, எல்லாவற்றுக்கும் மேலாக, மலையேற்றம் என்ற ஒரு முடிவு உண்டு. நம் சினிமா இந்த நான்கில் எதையும் பொருட்படுத்தாமல், நடுவிலுள்ள ஆவேசத்தை மட்டும் அறுத்தெடுத்து நமக்குக் காட்டி வந்திருக்கிறது என்பதே என் குற்றச்சாட்டு.

பழந்தமிழர் இந்த விஷயத்தில் நம்மைவிட நிதானமாக இருந்தார்கள். குறிஞ்சித் திணையின் வெறியாட்டுப் பாடல்களில், மகளின் மெலிவைக் கண்டு கலங்கிய தாய் முருகன் பூசாரியான வேலனை அழைக்கிறாள், களம் அமைகிறது, வேலன் ஆடுகிறான். அதே களத்தின் ஓரத்தில் நிற்கும் தோழிக்கோ, நோய்க்குக் காரணம் முருகன் அல்லன், மலைநாட்டுத் தலைவன் ஒருவனே என்பது தெரியும். ஆவேசத்தை ஏளனம் செய்யாமலும் அதற்கு முற்றிலும் மயங்கிவிடாமலும் இரு கண்களாலும் பார்க்கிற இந்தப் பார்வையில் தேர்ந்த ஒரு புலவர், வெறிபாடிய காமக்கண்ணியார் என்றே பெயர் பெற்றார். இளங்கோவடிகளும் வேட்டுவ வரியில் சாலினி தெய்வமுற்று ஆடுவதைக் காட்டும்போது, அவளைச் சூழ்ந்திருக்கும் எயினர் குலத்தையும் சேர்த்தே காட்டுகிறார்.

சினிமாவுக்கு வண்ணம் வந்தபிறகு, மயக்கநிலை என்றால் வண்ணங்களைக் குழைத்துச் சுழற்றுவது என்றொரு சம்பிரதாயம் உலகெங்கும் நிலைபெற்றுவிட்டது. ஸ்விட்சர்லாந்தின் பாஸல் நகரத்து சாண்டோஸ் கம்பெனியில் ஆல்பெர்ட் ஹாஃப்மன் என்ற ரசாயன விஞ்ஞானி 1938-இல் உண்டாக்கிய எல்.எஸ்.டி. என்ற பொருளின் மனத்தை மயக்கும் தன்மை, 1943-ஆம் ஆண்டு ஏப்ரலில்தான் அவருக்கே தெரிய வந்தது. அம்மாதம் 19-ஆம் தேதி, ஒரு மில்லிகிராமில் கால் பங்கைத் தாமே உட்கொண்டு, உதவியாளர் உடன்வரச் சைக்கிளில் வீடு திரும்பிய அவர், தமக்குப் பைத்தியம் பிடித்துவிட்டதோ என்று அஞ்சி, வைத்தியரை வரவழைத்து, நாடியும் சுவாசமும் சரியாக இருப்பதாக அவர் சொன்னபிறகே மெல்லத் தேறினார். ஓர் உதவியாளர், ஒரு வைத்தியர், பிறகு அமைதியான ஒரு மறுநாள் காலை: அங்கேயும் மலையேற்றம் நிகழ்ந்திருக்கிறது. ஆனால் 1980-இல் ஹாலிவுட்டில் கென் ரஸ்ஸல் எடுத்த 'ஆல்டர்ட் ஸ்டேட்ஸ்' படத்தில், இத்தகைய ஆராய்ச்சியில் இறங்கும் விஞ்ஞானி வாலில்லாக் குரங்குக்கு ஒப்பான ஆதிமனிதனாகவே உருமாறிவிடுகிறார். 1971-இல் தேவ் ஆனந்த் எடுத்த 'ஹரே ராமா ஹரே கிருஷ்ணா'வில், காட்மாண்டுவின் ஹிப்பிக் கூட்டத்தில் புகையில் மூழ்கும் நாயகனின் தங்கைக்குத் தற்கொலையைத் தவிர வேறு வழி வைக்கப்படவில்லை. ஆட்டமும் பாட்டும் நினைவில் நிற்க, அவளைத் தாங்கிப் பிடித்திருக்க வேண்டிய கைகள் எங்கே போயின என்ற கேள்வி தியேட்டரோடு மறைந்துவிட்டது.

தமிழில் இந்தத் துறையில் மிகத் துணிந்து இறங்கியவர் கமல்ஹாசன். 1991-இல் வெளிவந்த 'குணா'வில், அபிராமி என்று தான் நம்பும் ஒரு பெண்ணைக் குகைக்குக் கொண்டுபோகும் மனிதனின் பிரமையை, அவனுக்கு அதுவே சத்தியம் என்று நாமும் உணரும்படி அவர் நடித்தார். அந்தச் சாதனையை நான் மனமாரப் போற்றுகிறேன். 2001-இன் 'ஆளவந்தான்' படத்திலோ, போதையில் நந்து என்ற பாத்திரத்தின் மனம் உடையும் இடத்தில் நிஜ உருவங்கள் சித்திரங்களாக மாறிவிடுகின்றன. தொழில்நுட்ப ரீதியில் அது பெரிய பாய்ச்சல். எனினும் இரண்டு படங்களிலும் அந்த மனிதனுக்கு மரணமே முடிவாகிறது. சித்தம் பேதலித்தவன் திரும்பி வருவான் என்ற எண்ணமே திரைக்கதைக்குள் நுழைய இடமில்லை.

ஏற்காடு மான்ட்ஃபோர்ட் பள்ளியில் படித்து வளர்ந்த நடிகர் விக்ரம், இத்தகைய நிலைகளை நடித்துப் புகழ்பெற்றவர். 2005-இன் 'அந்நியன்' படத்தில் ஒருவனுக்குள் மூவர் குடியிருக்கிறார்கள். சிகிச்சை முடிந்து குணமாகி வந்ததாகச் சொல்லப்படுகிறவன், கடைசிக் காட்சியில் குணமாகவில்லை என்று தெரியும்போது தியேட்டரில் கைதட்டல் எழுகிறது. மனநோயாளியை நம்பலாகாது என்ற பழைய அச்சத்துக்கு அந்தக் கைதட்டல் வலுவூட்டியது என்றே நான் கருதுகிறேன். ஆனால் அதற்கு ஆறு ஆண்டுகளுக்கு முன்பு, 1999-இல், பாலாவின் இயக்கத்தில் அதே விக்ரம் நடித்த 'சேது' வேறு வகை. தலையில் அடிபட்டுச் சித்தம் கலங்கி, மனநோயாளிகளுக்கான மடமொன்றில் அடைக்கப்பட்ட சேதுவுக்குப் புத்தி தெளிகிறது. தெளிந்துவிட்டது என்பதை யாரும் அறியவில்லை. தப்பித்து ஓடிவந்து, காதலி இறந்து கிடப்பதைக் கண்டு, தானாகவே அந்த மடத்துக்குத் திரும்பிப் போகிறான். மலையேற்றத்தைப் பற்றி யோசித்த தமிழ்ப் படம் அது ஒன்றுதான் என்று எனக்குத் தோன்றுகிறது. மீண்டு வந்தவனை ஏற்றுக்கொள்ள ஒரு திண்ணையும் ஒரு சொம்புத் தண்ணீரும் இல்லாத துயரத்தை அது சொன்னது. 2001 ஆகஸ்டு 6-ஆம் தேதி ஏர்வாடியின் மனநலக் காப்பகமொன்றில், சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்த நோயாளிகள் தீயில் வெந்து மாண்டபோது, திரையில் பார்த்தது கற்பனையன்று என்று நாடே உணர்ந்தது.

விஞ்ஞானம் இப்போது எங்கே நிற்கிறது என்பதையும் வாசகர்கள் அறிய வேண்டும். சிலவகைக் காளான்களில் உள்ள சைலோசைபின் என்ற பொருளை அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில் ரோலண்ட் கிரிஃபித்ஸ் குழுவினர் 36 பேருக்குக் கொடுத்துப் பார்த்து, 2006-இல் முடிவுகளை வெளியிட்டனர். மூன்றில் இரண்டு பங்கினர், தம் வாழ்நாளின் மிகப் பொருள்பொதிந்த ஐந்து அனுபவங்களில் ஒன்றாக அதைக் குறிப்பிட்டனர். அதே 36 பேரில் 11 பேர் கடும் பயத்தையும் அனுபவித்தனர். பின்னர் மருந்துக்குக் கட்டுப்படாத மனச்சோர்வுடைய 233 பேரிடம் நடந்து 2022-இல் வெளியான ஆய்வில், 25 மில்லிகிராம் பெற்றவர்களில் நூற்றுக்கு 29 பேர் மூன்று வாரத்தில் நோய் நீங்கியிருந்தனர். பெயரளவில் ஒரு மில்லிகிராம் பெற்றவர்களில் எட்டுப் பேர். காலம் செல்லச் செல்ல அந்தப் பலன் பலரிடம் குறைந்தது என்பதையும் மறைக்காமல் எழுதினார்கள். சித்தப்பிரமை நோய்க்கு ஆளானவர்களை இத்தகைய ஆய்வுகளில் சேர்ப்பதில்லை. சேர்க்கப்பட்டவர்களோடும் முதலில் பலமுறை பேசுகிறார்கள். மருந்து கொடுத்த ஆறேழு மணி நேரமும், கண்ணைக் கட்டி இசை கேட்டுப் படுத்திருப்பவரின் அருகில் பயிற்சி பெற்றவர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். பிறகு பல நாள், நிகழ்ந்ததைப் பற்றி மீண்டும் பேசுகிறார்கள். சாமியாட்டத்தையும் மருந்தையும் ஒன்றென்று சொல்ல நான் வரவில்லை. நம் பூசாரி எதையும் உட்கொள்ளவில்லை. இருப்பினும் இடுப்பைப் பிடித்திருந்த அந்த இரண்டு பெரியவர்களின் ஸ்தானத்தில் இந்த ஆராய்ச்சியாளர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று எனக்குப் படுகிறது. இதைக் காட்டும் திரைப்படம் எங்கே?

இந்தக் கேள்வியின் அவசரம் மலைகளில் தெரிகிறது. கொடைக்கானல் என்றதும் போதைக் காளானை விசாரிக்கிற இளைஞர்கள், மழைக்காலத்தில் மற்ற மலையூர்களையும் அதே எண்ணத்தோடு பார்க்கத் தொடங்கியிருக்கிறார்கள். சைலோசைபின் 1985-ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் பட்டியலில் உள்ளது. உருவத்தில் ஒத்த நச்சுக் காளான்கள் ஈரலைக் கெடுத்து உயிரையே வாங்கக்கூடும். இதையெல்லாம் சொல்லித் தர வேண்டிய திரை, ஒரு பக்கம் சுழலும் வண்ணங்களால் ஆசை காட்டுகிறது. மறு பக்கம் கொலையாலும் தற்கொலையாலும் பயமுறுத்துகிறது. பயந்தவன் உண்மையைக் கேட்கத் தயங்குகிறான்; ஆசைப்பட்டவனுக்கோ கேட்கத் தோன்றுவதே இல்லை. காட்டில் தனியாக உட்கார்ந்து அதைத் தின்னும் பையனைத் தாங்கிப் பிடிக்க அங்கே யாரும் இல்லை.

ஆகவே, படமெடுக்க வந்திருக்கும் இளைஞர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். ஆவேசத்தை உங்கள் திறமை முழுவதையும் காட்டி எடுங்கள். ஆனால் மேளம் அடங்கியதும் காமிராவை நிறுத்திவிடாதீர்கள். அந்த மனிதர் திண்ணையில் சாய்ந்து, தண்ணீர் கேட்டு, குடித்து, எழுந்து தம் வீட்டுக்கு நடந்து போகும் வரையில் அது ஓடட்டும்.