பாறையைப் பூட்ட விடலாமா?

நாமக்கல்லில் பஸ் ஏறி, காரவள்ளி அடிவாரத்தைத் தாண்டினால் 70 கொண்டை ஊசி வளைவுகள். தலை சுற்றும், வயிறு புரட்டும். ஆனாலும் லீவு நாள் வந்தால் கொல்லிமலைக்குக் கூட்டம் குறைவதில்லை. அறப்பளீஸ்வரரைக் கும்பிட்டு, ஆயிரம் படி இறங்கி, ஆகாய கங்கையில் தலை நனைத்து வருகிறவர்கள் ஒரு ரகம். பாறையைக் கண்டாலே ஏறிப் பார்க்கத் துடிக்கும் இளவட்டங்கள் இன்னொரு ரகம்.

இரண்டு பேருக்கும் ஒரே கேள்வி. நாளைக்கே அந்தப் பாதையை மூடிவிட்டால் என்ன செய்வீர்கள்?

"அதெப்படி மூடுவார்கள்?" என்று கேட்காதீர்கள். 2018 மார்ச் 11-ந் தேதி தேனி மாவட்டம் குரங்கணி மலையில் காட்டுத்தீ. மலையேறப் போனவர்களில் 20-க்கும் மேற்பட்டோர் கருகிப் போனார்கள். அதோடு தமிழ்நாட்டு மலைப்பாதைகளுக்குப் பூட்டு விழுந்தது. அதே ஆண்டில் புதிய விதிகளும் வந்தன. வனத்துறை அனுமதி இல்லாமல் காட்டுக்குள் மலையேறக் கூடாது. 2024 அக்டோபரில்தான் சர்க்கார் 40 பாதைகளைத் திறந்து, உள்ளூர் இளைஞர்களை வழிகாட்டிகளாகப் போட்டது.

பூட்டுப் போடுவது ஒரு நாள் வேலை. திறக்க ஆறு வருஷம்!

தடை போட்டவர்களை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. பாறையில் பெயின்டால் காதலி பெயரை எழுதுவது யார்? பாட்டிலை உடைத்துப் போடுவது யார்? பீடித் துண்டை அணைக்காமல் சருகில் எறிவது யார்? நாம்தானே! ஒருவன் செய்த காரியத்துக்கு ஒழுங்காக வருகிற நூறு பேர் தண்டனை அனுபவிக்க வேண்டியிருக்கிறது.

வழி இல்லாமல் இல்லை. யானைமலையில் சிற்ப நகரம் என்ற பேச்சு வந்தபோது மதுரை மக்கள் எதிர்த்து நின்றார்கள். மலை பிழைத்தது. அந்த வேகத்தில் பிறந்ததுதான் எழுத்தாளர் அ. முத்துகிருஷ்ணன் தொடங்கிய பசுமை நடை. சமணர் படுக்கை உள்ள குன்றுகளுக்கு ஜனங்களை அழைத்துப் போய், அதன் அருமையைச் சொல்லிக் கொடுத்தார்கள். அரிட்டாபட்டிப் பக்கம் டங்ஸ்டன் சுரங்கம் வரப்போகிறது என்றதும் ஊரே திரண்டது. 2025 ஜனவரியில் மத்திய சர்க்கார் அந்த ஏலத்தை ரத்து செய்தது. மலையை அறிந்தவன்தான் மலைக்குக் காவல்!

அமெரிக்காவில் பாறை ஏறுகிறவர்களே 1991-ல் அக்செஸ் ஃபண்ட் என்ற சங்கம் வைத்தார்கள். குப்பை அள்ளுகிறார்கள், பாதையைச் செப்பனிடுகிறார்கள். தேவையானால் பாறை இருக்கும் நிலத்தையே விலைக்கு வாங்குகிறார்கள். வல்லூறு குஞ்சு பொரிக்கும் மாதங்களில் அந்தப் பாறைப் பக்கம் போவதில்லை. சில மாதம் விட்டுக் கொடுப்பதால் மிச்ச மாதங்களில் கதவு திறந்திருக்கிறது.

கொல்லிமலைக்கும் அப்படி ஒரு தொண்டர் படை வேண்டும். நாமக்கல், சேலம், திருச்சி வாலிபர்கள் மட்டும் சேர்ந்தால் போதாது. அந்த மலையிலேயே பிறந்து வளர்ந்த மலையாளிப் பழங்குடி மக்கள் முன்வரிசையில் இருக்க வேண்டும். எந்தப் பாறை வழுக்கும், எங்கே தேனடை தொங்கும், எந்த மாதம் சருகு பற்றும் என்பது அவர்களுக்குத் தெரியும். 'இங்கே ஏறாதே' என்று அவர்கள் சொன்னால் ஏறக்கூடாது. வனத்துறையும் இந்தப் படையைக் கூப்பிட்டுப் பேச வேண்டும்.

பாதையை மூடினால் நஷ்டம் ஏறுகிறவனுக்கு மட்டுமா? பலாச்சுளையும் மிளகும் தேனும் விற்றுப் பிழைக்கிற குடும்பத்தின் அடுப்பும் அணையும்.

ஆகவே மலைக்குப் புறப்படும் அன்பர்களே, சாப்பாட்டு மூட்டையோடு ஒரு காலிப் பையையும் எடுத்துப் போங்கள். இறங்கும்போது அது நிறைந்திருக்கட்டும்.