மரத்துக்கு மட்டும் வேலி போதாது

தைலமரம் என்றாலே நமக்கு நினைவுக்கு வருவது, காகித ஆலைக்காக வரிசை பிடித்து நட்ட தோப்புகளும், நிலத்தடி நீரை உறிஞ்சுகிறது என்ற புகாரும்தான். ஆனால் யூகலிப்டஸ் என்பது எழுநூறுக்கும் மேற்பட்ட இனங்கள் கொண்ட பேரினம். அதில் சில, பிறந்த மண்ணை விட்டு நகராதவை. மேற்கு ஆஸ்திரேலியாவின் தென்கோடியில், வால்போல் என்ற சிற்றூரை ஒட்டிய ஈரமான கடலோரத்தில், சில ஆயிரம் ஹெக்டேரில் மட்டுமே இயற்கையாக வளரும் ‘சிவப்பு டிங்கிள்’ அப்படிப்பட்டது. 70 மீட்டர் வரை உயர்ந்து, அடிமரத்தின் சுற்றளவு 20 மீட்டரைத் தாண்டி, 400 ஆண்டுகள் வாழக்கூடிய மரம். அதன் காடுகளில் பெரும்பகுதி தேசியப் பூங்காவுக்குள் இருக்கிறது. 2024 ஜனவரி முதல் அந்த மாநிலத்தின் இயற்கைக் காடுகளில் பெருமளவிலான வணிக மரவெட்டும் நிறுத்தப்பட்டுவிட்டது. இனி இந்த மரத்துக்கு ஆபத்தில்லை என்று சொல்லிவிட முடியுமா? முடியாது. கோடரியைத் தடுக்கும் சட்டம், வேரடி மண்ணில் நடப்பதைத் தடுப்பதில்லை.

இதற்கான சான்று அந்தக் காட்டிலேயே கிடைத்தது. தீ, பூஞ்சை, பூச்சி ஆகியவை சேர்ந்து டிங்கிள் மரத்தின் அடியைக் குடைந்து குகை போலாக்கிவிடும். நீரும் உணவும் ஓடும் உயிர்ப்பகுதி பட்டையை ஒட்டியே இருப்பதால், நடுப்பகுதி போன பிறகும் மரம் தழைத்து நிற்கும். அப்படிக் குடைந்த ஒரு மரத்துக்குள் காரை நிறுத்திப் படம் எடுப்பது சுற்றுலாப் பயணிகளின் வழக்கமாக இருந்தது. யாரும் அதை வெட்டவில்லை. 1990இல் அது சாய்ந்தது. டிங்கிளுக்கு ஆழமான ஆணிவேர் கிடையாது. மேல்மண்ணில் பரவும் வேர்களே அதைத் தாங்குகின்றன. சக்கரங்களும் கால்களும் மண்ணை இறுக்கிவிட்டால், வேருக்குக் காற்றும் போகாது, நீரும் இறங்காது. ரசிக்க வந்தவர்களாலேயே அந்த மரம் விழுந்தது.

தொட்டுப் பார்க்க விடாமல் தடுத்தால் மக்களுக்குக் காட்டின் மேல் அக்கறையே வராது என்பார்கள். நியாயமான கவலைதான். ஆனால் 1996இல் அங்கே திறக்கப்பட்ட மரவுச்சி நடைபாலம் இதற்குப் பதில் சொல்லிவிட்டது. 600 மீட்டர் நீளமுள்ள அந்த இரும்புப் பாலம், உச்சத்தில் தரையிலிருந்து 40 மீட்டர் உயரத்தில் செல்கிறது. கீழே அடிமரங்களைப் பார்க்க விரும்புவோருக்குத் தனி நடைபாதை உண்டு. கட்டுப்பாடு வந்ததால் கூட்டம் குறையவில்லை. அந்தப் பாலமே மாநிலத்தின் முக்கியச் சுற்றுலா ஈர்ப்புகளில் ஒன்றாகிவிட்டது.

கடினமான கேள்வி தீயைப் பற்றியது. காட்டுத்தீயின் வேகத்தைக் குறைக்க, மாநிலத்தின் தென்மேற்குக் காடுகளில் ஆண்டுக்கு 2,00,000 ஹெக்டேரில் திட்டமிட்டுத் தீ வைப்பது அரசின் இலக்கு. சருகு சேரவிட்டால் கோடையில் மூளும் பெருந்தீ ஊரையும் மரத்தையும் சேர்த்து அழிக்கும் என்பது அதன் தரப்பு வாதம். நூற்றாண்டுகளாகத் தீயைக் கண்டு பிழைத்த மரம்தானே என்றும் கேட்கலாம். ஆனால் ஏற்கெனவே குடைந்துபோன முதிய மரத்துக்கு ஒவ்வொரு தீயும் எஞ்சிய சுவரைத் தின்னும் தீதான். குடைவு புகைபோக்கியாக மாறி அனலை மேலே இழுக்கும். மழையும் முன்போல இல்லை: தென்மேற்கில் மே முதல் ஜூலை வரையிலான மழை 1970க்குப் பிறகு ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைந்திருக்கிறது. ஆகவே பழைய காலத் தீயோடு இன்றைய தீயை ஒப்பிடுவது சரியாகாது. ஊரை ஒட்டிய பகுதியில் சருகை எரிப்பது தேவையாக இருக்கலாம். முதிய டிங்கிள் நிற்கும் காட்டுக்கும் அதே கணக்கைப் பொருத்தக் கூடாது. எரித்தே ஆக வேண்டுமென்றால், குடைந்த மரங்களின் அடியில் கிடக்கும் சருகை முதலில் கையால் அகற்ற வேண்டும்.

விதையை எடுத்து வேறிடத்தில் வளர்த்துக்கொள்ளலாமே என்பது கடைசி வாதம். மரம் வளரலாம், காடு வராது. டிங்கிள் பட்டையில் சிறு வளை அமைத்து, கதவு போட்டு வாழும் குட்டிச் சிலந்தி ஒன்று உண்டு. அதன் உறவினங்கள் ஆப்பிரிக்காவில் இருக்கின்றன. கண்டங்கள் ஒட்டியிருந்த காலத்தின் மிச்சமாக அது கருதப்படுகிறது. நாற்றங்காலில் அதை வளர்க்க முடியாது. பரந்து வாழும் இனம் ஓரிடத்தில் இழந்ததை இன்னோரிடத்தில் ஈடுகட்டும். டிங்கிளுக்கு அந்த இன்னோரிடம் இல்லை. எனவே தேசியப் பூங்கா என்ற அறிவிப்போடு அரசின் கடமை முடிந்துவிடாது. எந்த மண்ணில் யார் நடக்கலாம், எங்கே தீ வைக்கலாம் என்று மரத்துக்கு மரம் பார்த்து முடிவெடுப்பதே உண்மையான பாதுகாப்பு.