"கடவுள் துகள்" என்று சொல்வதை இனியாவது விடுவோமா?



கொஞ்சம் நீளமான பதிவு. உயர்தரத்தில் பிள்ளை எந்தப் பிரிவைப் படிப்பது என்று யோசித்துக் கொண்டிருக்கும் பெற்றோரும், மிம்பரில் பேசுகின்ற நமது சகோதரர்களும் பொறுமையாக வாசித்தால் நல்லது.

நமது ஊர் வட்ஸ்அப் குழுக்களில் ஒரு செய்தி இருக்கிறது. சில மாதங்கள் தூங்கும், பிறகு யாராவது ஒருவர் தட்டி எழுப்பி விடுவார். "விஞ்ஞானிகள் கடவுள் துகளைக் கண்டுபிடித்து விட்டார்கள்!" அதற்குக் கீழே இரண்டு வகையான பதில்கள் வரும். ஒரு சாரார், "சுப்ஹானல்லாஹ், படைத்தவன் இருப்பதை விஞ்ஞானமே ஒப்புக்கொண்டு விட்டது" என்பார்கள். மறு சாரார், "நஊது பில்லாஹ், அல்லாஹ்வை ஒரு துகள் என்கிறார்கள், இதைத்தான் நம் பிள்ளைகளுக்கும் படிப்பிக்கிறார்கள்" என்பார்கள். இரு சாராரும் ஒருவரோடு ஒருவர் இரவு பதினொரு மணி வரை வாதாடுவார்கள். ஆனால் இருவரும் ஏறியிருப்பது ஒரே வண்டியில். ஒரு புத்தகத்தை விற்பதற்காக வைத்த பட்டப்பெயரைப் பௌதிகவியலின் கூற்று என்று நினைத்துக் கொண்டதுதான் அந்த வண்டி.

பெயர் வந்த கதையைப் பார்ப்போம். லியோன் லெடர்மன் என்பவர் அமெரிக்கப் பௌதிகவியலாளர். 1988இல் நோபல் பரிசு பெற்றவர், சிக்காகோவுக்கு அருகில் உள்ள ஃபெர்மி ஆய்வுகூடத்தின் பணிப்பாளராக இருந்தவர். 1993இல் டிக் டெரெசி என்ற எழுத்தாளரோடு சேர்ந்து சாதாரண வாசகர்களுக்காக ஒரு புத்தகம் எழுதினார். அதன் தலைப்புத்தான் "கடவுள் துகள்". எவ்வளவு தேடியும் பிடிபடாமல், கோடிக் கணக்கில் பணத்தைத் தின்று கொண்டிருந்த துணிக்கை அது. அதனால் எரிச்சலில் திட்டுகின்ற ஒரு ஆங்கில வசைச்சொல்லையே அதற்கு வைக்கப் பார்த்ததாகவும், பதிப்பாளர் விடவில்லை என்றும் லெடர்மனே பகிடியாக எழுதியிருக்கிறார். நமது பேச்சில் சொல்வதானால் "நாசமாய்ப்போன துணிக்கை". அந்த வசைச்சொல்லின் பின்பாதியை வெட்டினால் மிஞ்சுவது "கடவுள்". இவ்வளவுதான் அதன் இறையியல்.

அந்தத் துணிக்கைக்கு யாருடைய பெயர் வைக்கப்பட்டதோ, அந்தப் பீற்றர் ஹிக்ஸுக்கே இந்தப் பட்டப்பெயர் பிடிக்காது. அவர் இறை நம்பிக்கை இல்லாதவர். இருந்தும் நம்பிக்கையுள்ளவர்களின் மனதை இந்தப் பெயர் புண்படுத்தும் என்று சொன்னவர். 2024 ஏப்ரலில் அவர் இறந்தபோது நமது தமிழ் ஊடகங்கள் பல என்ன தலைப்புப் போட்டிருந்தன என்று தேடிப் பாருங்கள்.

"சரி, ஒரு பெயர்தானே, அதற்கு ஏன் இவ்வளவு நீளப் பதிவு?" என்று கேட்கலாம். ஒரு பாடசாலையில் நடந்ததைச் சொல்கிறோம், எந்தப் பாடசாலை என்பது தேவையில்லை. விஞ்ஞான தினக் கண்காட்சிக்குத் தரம் 11 மாணவி ஒருத்தி பலகை ஒன்று தயாரித்திருந்தாள். இணையத்தில் வாசித்து, தானே படம் வரைந்து, துணிக்கைகளின் அட்டவணையைக் கையால் எழுதி ஒட்டியிருந்தாள். உள்ளே எழுதியது அத்தனையும் சரி. தலைப்பை மட்டும் ஒரு செய்தித் தளத்தில் இருந்து அப்படியே எடுத்திருந்தாள். பார்வையிட வந்த ஒருவர் அந்தத் தலைப்பை மாத்திரம் படம் பிடித்துக் குழுவில் போட்டார். மறுநாள் காலை பலகை அந்த இடத்தில் இல்லை. படம் போட்டவரும் சரி, கழற்றியவர்களும் சரி, தலைப்புக்குக் கீழே இருந்ததை வாசித்ததாகத் தெரியவில்லை. பிள்ளை நம்மிடம் கேட்ட கேள்வி இதுதான்: "பிஸிக்ஸ் படிச்சா ஈமானுக்குப் பழுதா டீச்சர்?"

கணிதத்தில் நல்ல பிள்ளை. நமது பகுதியில் உயர்தரத்துக்குப் பௌதிகவியல் எடுக்கின்ற பெண் பிள்ளைகளே குறைவு. அதிலும் ஒருத்தி இப்படித் தயங்கி நின்றால் அதற்கு யார் பொறுப்பு?

ஆகவே அந்தத் துணிக்கை என்னவென்று முதலில் விளங்கிக் கொள்வோம். இரவில் காற்றில்லாத நேரம் களப்பைப் பார்த்திருப்பீர்கள். கண்ணாடி மாதிரி கிடக்கும். தண்ணீர் இருக்கிறதா இல்லையா என்றே தூரத்தில் இருந்து சொல்ல முடியாது. ஒரு கல்லை எறிந்தால் அலை எழும்பும், அப்போது தெரியும். பிரபஞ்சம் முழுவதும் இப்படி ஒரு புலம் பரவிக் கிடக்கிறது என்று 1964இல் சிலர் கணித முறையில் காட்டினார்கள். பெல்ஜியத்தில் புறூட், எங்லெர்ட் என்ற இருவர், ஸ்கொட்லாந்தில் ஹிக்ஸ், லண்டனில் இன்னும் மூவர் கொண்ட ஒரு குழு. பல பேர் சேர்ந்த வேலை அது, பெயர் மட்டும் ஒருவருக்குப் போயிற்று. அந்தப் புலத்தில் எழுகின்ற அலைதான் ஹிக்ஸ் போசோன். கல் எறிவதற்குத்தான் ஜெனீவாவுக்கு அருகே, பிரான்ஸ் எல்லையை ஊடறுத்து, நிலத்துக்குக் கீழே 27 கிலோமீற்றர் சுற்றளவில் வளையம் கட்டினார்கள். அதற்குள் புரோத்தன்களை ஒளியின் வேகத்துக்குக் கிட்டிய வேகத்தில் ஓடவிட்டு மோத வைத்தார்கள். 2012 ஜூலை 4ஆம் திகதி அலை தெரிந்து விட்டதாக அறிவித்தார்கள். புரோத்தனை விட ஏறக்குறைய 133 மடங்கு திணிவு. பிறந்த கணத்திலேயே வேறு துணிக்கைகளாகச் சிதைந்து விடும். அன்றைக்கும் அவர்கள் சொன்னது "ஹிக்ஸ் போசோனை ஒத்த ஒரு புதிய துணிக்கை" என்றுதான். அது ஹிக்ஸ் போசோன்தான் என்று வாய் திறந்து சொல்ல 2013 மார்ச் ஆனது. அட்லஸ், சி.எம்.எஸ். என்ற இரண்டு குழுக்கள் தனித்தனியாகப் பார்த்து, வெறும் தற்செயலால் இப்படி ஒரு பெறுபேறு வர 35 இலட்சத்தில் ஒரு வாய்ப்புத்தான் என்ற நிலை வந்த பிறகே "கண்டுபிடிப்பு" என்ற சொல்லையே எடுத்தார்கள். நாம் ஒரு செய்தியைப் பகிர எடுக்கும் நேரத்தோடு இதை ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

இந்தப் புலத்தோடு தொடர்புகொள்ளும் அடிப்படைத் துணிக்கைகளுக்குத் திணிவு உண்டாகிறது. இலத்திரன் தொடர்புகொள்கிறது, அதற்குத் திணிவு உண்டு. ஒளியின் துணிக்கை தொடர்புகொள்வதில்லை, அதற்குத் திணிவு இல்லை. இலத்திரனுக்குத் திணிவு இல்லாவிட்டால் அணு என்ற ஒன்று கட்டுப்பட்டு நிற்காது. நீங்களும் நாமும் இல்லை.

இந்த இடத்தில் தமிழ்க் காணொளிகள் பல, "சேற்றில் நடப்பவன் மாதிரி துணிக்கை புலத்தில் சிக்கி மெதுவாகிறது" என்று விளக்குகின்றன. இது சரியில்லை. சேறு ஓடுபவனை நிறுத்திவிடும். ஹிக்ஸ் புலம் சீரான வேகத்தில் போகும் எதையும் நிறுத்துவதில்லை. திணிவு என்பது வேகத்தை மாற்றுவதற்கு எதிரான தன்மை. தரம் 10, 11 நியூற்றனின் விதிகளைப் படித்த பிள்ளைக்கு இது விளங்கும். அதனால் நமது களப்பு உதாரணத்தையும் அலை வரைக்கும் மட்டும் வைத்துக்கொள்ளுங்கள், அதற்கு மேல் இழுக்க வேண்டாம்.

இன்னொன்று. "எல்லாப் பொருளுக்கும் திணிவு தருவது இந்தத் துகள்தான், அதனால்தான் கடவுள் துகள்" என்று சிலர் நியாயம் சொல்வார்கள். அதுவும் பிழை. நமது உடம்பின் திணிவில் பெரும் பகுதி புரோத்தனிலும் நியூத்திரனிலும் இருக்கிறது. புரோத்தனுக்குள் இருக்கும் குவார்க்குகளுக்கு ஹிக்ஸ் புலத்தால் கிடைக்கும் திணிவைக் கூட்டினால் புரோத்தனின் திணிவில் நூற்றுக்கு ஒன்று அளவுதான் வரும். மிச்சமெல்லாம் அந்தக் குவார்க்குகளைக் கட்டிப் பிடித்திருக்கும் வன்விசையின் சக்தி. 60 கிலோ ஆளில் ஹிக்ஸின் பங்கு அரைக் கிலோவுக்குச் சற்று மேலே. பெயரைப் பார்த்தால் எல்லாம் அதன் கையில் இருக்கிற மாதிரி இருக்கிறது, கணக்குப் பார்த்தால் அரைக் கிலோ!

சொற்களைப் பற்றிப் பேசுவதால் நமது பாடநூல் தமிழைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். நமது பிள்ளைகள் படிப்பது "துணிக்கை". இந்தியத் தமிழ்த் தளங்களில் வருவது "துகள்". அது பரவாயில்லை. நாம் படிப்பிக்கும் "திணிவு" அங்கே "நிறை" என்று வரும், நமது "நிறை" அங்கே "எடை". இது பரவாயில்லை என்று விட முடியாது. "ஹிக்ஸ் துகள் நிறையைத் தருகிறது" என்று ஒரு இந்தியக் கட்டுரையில் வாசிக்கும் நமது பிள்ளை, புவியீர்ப்பால் உண்டாகும் நிறையைத்தான் சொல்கிறார்கள் என்று நினைக்கிறது. பரீட்சையில் அப்படியே எழுதுகிறது. இரண்டு நாட்டுச் சொற்களும் சரியானவைதான், யாருடையது உயர்ந்தது என்ற சண்டை வேண்டாம். ஆனால் ஆசிரியர்கள் இதைப் பிள்ளைகளுக்கு ஒரு தடவை கரும்பலகையில் எழுதிக் காட்டியே ஆக வேண்டும்.

இனி நாம் சொல்லப் போவது சிலருக்குக் கசக்கும்.

பட்டப்பெயரில் இருந்து மார்க்கத்தை எடுக்கும் இந்தப் பழக்கம் ஹிக்ஸோடு தொடங்கியதல்ல. குர்ஆனில் வரும் "தர்ரா" என்ற சொல்லை நமது தர்ஜுமாக்கள் "அணுவளவு" என்று மொழிபெயர்க்கின்றன. அழகான மொழிபெயர்ப்பு. தமிழில் "அணு" என்றால் மிகச் சிறியது என்றுதான் பழைய பொருள். அரபியில் தர்ரா என்றால் சிற்றெறும்பு, அல்லது யன்னலால் விழும் வெயிலில் மிதக்கும் தூசு. பழைய தஃப்சீர்களைத் திறந்தால் இந்த விளக்கம்தான் கிடைக்கும். மிகச் சிறிய நன்மையும் தவறிப் போகாது, மிகச் சிறிய தீமையும் தவறிப் போகாது என்ற எச்சரிக்கை அது. பிற்காலத்தில் பௌதிகத்தின் அணுவுக்குப் பெயர் தேடியபோது அரபிகள் "தர்ரா"வை எடுத்தார்கள், நாம் "அணு"வை எடுத்தோம். பெயர் வைத்தது நாம். வைத்துவிட்டு, "பார்த்தீர்களா, அணுவைப் பற்றி அன்றே சொல்லப்பட்டிருக்கிறது" என்று நாமே ஆச்சரியப்படுகிறோம். அணுவுக்குள்ளும் துணிக்கைகள் இருப்பது தெரிய வந்ததும், அதைவிடச் சிறியது பற்றிய வசனங்களைக் குவார்க்கோடு பொருத்துகிறோம். நாளைக்குக் குவார்க்கும் உடைந்தால்?

விஞ்ஞானத்தின் சொற்கள் மாறும், கோட்பாடுகள் திருத்தப்படும். அதுதான் அதன் இயல்பு, அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. மாறுகின்ற ஒன்றை முட்டுக் கொடுத்து மாறாத ஒன்றை நிறுத்த வேண்டிய தேவை நமது ஈமானுக்கு இல்லை. மௌலவிமார்கள் இதை நம்மைவிட ஆழமாக அறிந்தவர்கள். அவர்களில் பலர் தனிப்பட்ட பேச்சில் ஒப்புக்கொள்வதும் உண்டு. குத்பாவில்தான் கேட்கக் கிடைப்பதில்லை.

பட்டப்பெயர் மறைத்த இன்னொரு விஷயமும் உண்டு. "ஹிக்ஸ் போசோன்" என்பதில் ஹிக்ஸைப் பற்றி எல்லோரும் பேசுகிறார்கள். போசோன்? அது நமது பக்கத்து ஆளுடைய பெயர். சத்யேந்திரநாத் போஸ், டாக்கா பல்கலைக்கழகத்தில் படிப்பித்தவர். 1924இல் ஒரு சிறு ஆய்வுக் கட்டுரையை ஐன்ஸ்டைனுக்குத் தபாலில் அனுப்பினார். ஐன்ஸ்டைன் அதைத் தானே ஜெர்மன் மொழிக்கு மாற்றிப் பிரசுரிக்க வழி செய்தார். துணிக்கைகளில் ஒரு முழு வகைக்கே பின்னர் போஸின் பெயர் வந்தது. தாய்மொழியில் விஞ்ஞானம் சொல்ல வேண்டும் என்று 1948இல் கல்கத்தாவில் வங்காளிகளுக்காக ஒரு சங்கத்தையும் தொடங்கியவர் அவர். "கடவுள் துகள்" என்று சொல்லும்போது இந்த மனிதரின் பெயரைத்தான் நாம் அழித்துவிட்டு அந்த இடத்தில் ஒரு விளம்பரத்தை ஒட்டுகிறோம்.

அதேபோல, ஹிக்ஸ் பொறிமுறையைக் கொண்டு மின்காந்த விசையையும் மென்விசையையும் ஒரே கோட்பாட்டில் இணைத்தவர்களில் ஒருவர் ஜங்கில் பிறந்த அப்துஸ் ஸலாம். 1979இல் கிளாஷோ, வைன்பேர்க் ஆகியோரோடு நோபல் பரிசு பெற்றார். அவருடைய கொள்கை பற்றிய தர்க்கம் தெரிந்ததுதான். அதைத் தயவுசெய்து பின்னூட்டத்தில் தொடங்க வேண்டாம், இங்கே பேசுவது பௌதிகவியல். பஞ்சாபின் ஒரு சிறு நகரத்துப் பாடசாலையில் படித்த பிள்ளை அவ்வளவு தூரம் போனதை நமது பிள்ளைகள் அறிந்திருக்க வேண்டும் என்பதற்காகவே சொல்கிறோம்.

இனி வேண்டுகோள்கள். கதீப்மார்கள் இந்தச் செய்தியை ஆதாரமாகவும் எடுக்க வேண்டாம், எதிரியாகவும் எடுக்க வேண்டாம். ஊர்ச் செய்திப் பக்கங்களை நடத்தும் தம்பிமார், "ஹிக்ஸ் போசோன்" என்றே போடுங்கள். விளங்காது என்று பயமாக இருந்தால் "ஹிக்ஸ் துணிக்கை" என்று போடலாம், குறைவான பேர்தான் அழுத்துவார்கள், பரவாயில்லை. பாடசாலைக் கண்காட்சியில் ஏதாவது மனதை உறுத்தினால், படம் பிடிக்க முன்னர் பக்கத்தில் நிற்கும் பிள்ளையிடம் "இது என்ன மகள்?" என்று கேளுங்கள். இரண்டு நிமிடம் போகும்.

அடுத்த தடவை குழுவில் அந்தச் செய்தி வந்தால் மேலே லெடர்மன் பற்றிய பந்தியை வெட்டி ஒட்டிக்கொள்ளலாம், நம்மிடம் அனுமதி கேட்கத் தேவையில்லை. பௌதிகவியல் படித்தவர்கள் திருத்தம் ஏதும் இருந்தால் கீழே எழுதுங்கள்.