பேருந்துக்குள் ஒரு ராஜ்யம்

ராஜ்யங்கள் கவிழ்ந்ததையும் கொடிகள் மாறியதையும் சரித்திரக்காரர்கள் வேண்டிய மட்டும் எழுதிவிட்டார்கள். ஆனால் மாறிய கொடியின் கீழ் நிற்கிற சாமானிய மனிதனின் சுபாவம் எவ்வளவு மாறிற்று என்ற சங்கடமான கேள்வியை விடாமல் கேட்டு வந்தவர், செர்பிய நாடகாசிரியரும் திரைக்கதாசிரியருமான துஷான் கோவாச்செவிச்.

ஸ்டாலினோடு யூகோஸ்லாவியத் தலைவர் டிட்டோ உறவை முறித்துக்கொண்ட 1948-ஆம் ஆண்டில், ஷாபட்ஸ் நகரை அடுத்த ஒரு கிராமத்தில் அவர் பிறந்தார். அந்த முறிவின் நிழல் அவருடைய 'பால்கன் உளவாளி' நாடகத்தில் நன்றாக விழுந்திருக்கிறது. ஸ்டாலின் பக்தனென்று ஒரு காலத்தில் சிறையிலிருந்த இலியா என்பவனை வழக்கமான விசாரணைக்காகப் போலீஸார் ஒருநாள் அழைத்து இரண்டு வார்த்தை கேட்டனுப்ப, அந்தப் பீதியிலே அவன், பாரிஸிலிருந்து திரும்பித் தன் வீட்டில் குடியிருக்கும் சாதுவான தையற்காரரை அந்நிய ஒற்றனென்று நிச்சயித்து, வேலை வெட்டியை விட்டு அவரைப் பின்தொடர ஆரம்பிக்கிறான். தன்னைத் தண்டித்த அரசாங்கத்துக்கே சம்பளமில்லாத காவற்காரனாகிவிடும் அவனைக் கண்டு சிரிக்கிறோம். சிறிது நேரத்துக்கெல்லாம் அந்தச் சிரிப்பு தொண்டையில் சிக்கிக்கொள்கிறது.

1980-ல் ஸ்லோபோதான் ஷியான் இயக்கிய 'அங்கே பாடுவது யார்' படத்துக்கு அவர் எழுதிய திரைக்கதை இதனினும் எளியது. 1941 ஏப்ரல் 5-ஆம் தேதி ஓர் ஓட்டைப் பேருந்து பெல்கிரேடை நோக்கிப் புறப்படுகிறது. அதில் ஒரு க்ஷயரோகி, ஒரு வேட்டைக்காரன், ஜெர்மானியரின் ஒழுங்கைப் புகழ்ந்து அலுக்காத ஒரு மீசைக்காரர், மகனைப் பார்க்கப் போகும் கிழவர், இவர்களோடு ரோமா இனத்துப் பாடகர் இருவர். கிழவரின் பணப்பை காணாமற்போகவே, வழியெல்லாம் தமக்குள் சண்டையிட்ட பிரயாணிகள் அத்தனை பேரும் அதிசயமான ஒற்றுமையோடு அந்தப் பாடகர்களை அடிக்கத் தொடங்குகிறார்கள். புறப்பட்ட மறுநாள் காலையான அந்த வேளையில், ஹிட்லரின் விமானங்கள் பெல்கிரேடின்மீது குண்டு பொழிகின்றன. அந்த ஒற்றுமையைவிடக் கொடிய அங்கதத்தை நான் திரையில் கண்டதில்லை.

இயக்குநர் குஸ்துரிட்சாவோடு சேர்ந்து எழுதிய 'அண்டர்கிரவுண்ட்' 1995-ல் கான் திரைப்பட விழாவில் தங்கப்பனை விருது பெற்றதால் உலகம் அவரை அதைக்கொண்டே அறிகிறது. யுத்தம் முடிந்தது தெரியாமல் நிலவறையில் ஆயுதம் செய்துகொண்டிருக்கும் ஜனங்கள் என்பது மகத்தான கற்பனைதான். எனினும் இயக்குநரின் வாத்திய கோஷத்தில் எழுத்தாளரின் மெல்லிய நகைப்பு அமுங்கிவிட்டதென்பது என் அபிப்பிராயம்.

அந்த நகைப்பு 'புரொஃபெஷனல்' நாடகத்தில் மீண்டும் தெளிவாகக் கேட்கிறது. ஓர் எழுத்தாளரைப் பல்லாண்டு வேவு பார்த்த ரகசியப் போலீஸ்காரர், மதுக்கடைகளில் அவர் பேசித் தீர்த்ததையெல்லாம் புத்தகங்களாகக் கட்டி அவரிடமே கொண்டுவந்து சேர்க்கிறார். எந்த எழுத்தாளருக்கு இத்தகைய சிரத்தையுள்ள வாசகர் வாய்ப்பார்!

இவற்றுள் ஒன்றைமட்டும் பார்க்க அவகாசமுள்ளவர்கள் அந்தப் பேருந்திலேயே ஏறிக்கொள்ளலாம்; 86 நிமிஷப் பிரயாணந்தான்.